வீட்டில் செய்த இறைச்சிச் சோஸுடன் ஹொட் டோக்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மட்டக்களப்பில் கல்லடி, ஆரையம்பதி, காத்தான்குடி என்று சுற்றுவட்டாரத்துக்கு நான் பிறந்தநாள் ஓடர்கள் செய்து கொடுக்கிறேன். ஹொட் டோக் (பணிஸ் என்ற நீட்டுப் பன்னுக்குள் சொசேஜஸ் வைத்தது) கொண்டு போனவர்கள் அடுத்த கிழமையே தாங்களும் செய்து பார்க்கிறார்கள். பிறகு தொலைபேசியில் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் இருக்கும். அவற்றைக் கேட்டவர்களின் வாயில் வந்தபடியே எழுதிப் பதில்களையும் சேர்த்திருக்கிறேன். முதல் தடவை செய்பவர்கள் மேலிருந்து வாசித்து வாருங்கள்; பின்னால் வரும் பதில்கள் முன்னையவற்றைத் தொட்டுத்தான் போகும்.

ஹொட் டோக்குக்கு போத்தல் தக்காளி சோஸ் ஊத்தினா போதாதா? இறைச்சிச் சோஸ் என்னத்துக்கு?

பசிக்குப் போதும். ஆனால் தக்காளி சோஸ் தருவது இனிப்பும் புளிப்பும் மட்டும்தான். பணிஸில் மாவு, சொசேஜஸில் உப்பும் புகை வாசமும். இந்த இரண்டையும் சேர்த்துப் பிடிக்கிற சாரமான ஒன்று நடுவில் வேண்டும். பொடியாக உதிர்ந்து, குழைய வெந்த இறைச்சி அந்த வேலையைச் செய்கிறது.

இன்னொரு காரணம் காசு. விலை கூடிய சொசேஜஸ் தேடி அலைவதைவிட, நடுத்தரமானதை வாங்கி மிச்சக் காசில் அரைக்கிலோ நல்ல இறைச்சி எடுங்கள். சாப்பிடுகிறவர் நாக்கில் நிற்பது சோஸ்தான்.

இது எங்கயிருந்து வந்த சாப்பாடு?

சொசேஜஸை அமெரிக்காவுக்குக் கொண்டு போனவர்கள் ஜேர்மனியில் இருந்து குடியேறியவர்கள். அதன்மேல் இறைச்சிச் சோஸ் ஊற்றும் வழக்கத்தைப் பரப்பியவர்கள், 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கு போய்க் கடை வைத்த கிரேக்கரும் மக்கெடோனியரும். மிச்சிகன் மாநிலத்தில் இதைக் ‘கோனி’ என்பார்கள். டெட்ராய்ட் நகரத்துச் சோஸ் இளக்கமானது. மேலே மஞ்சள் கடுகுச் சோஸும் வெட்டிய வெங்காயமும் வரும். அதே மாநிலத்தில் பிளின்ட் நகரத்துச் சோஸ் கிட்டத்தட்ட உலர்ந்தே இருக்கும். மாட்டின் இதயத்தையும் அரைத்துச் சேர்ப்பார்கள்.

ஒஹாயோ மாநிலத்தின் சின்சினாட்டி நகரில் 1922இல் மக்கெடோனியச் சகோதரர்கள் ‘எம்பிரஸ்’ என்ற கடையைத் தொடங்கினார்கள். அந்த நகரத்துச் சோஸில் கறுவாவும் கராம்பும் சேரும். கறுவா நம் தீவின் பொருள். அதனால் நான் செய்வது பிளின்டின் இறுக்கமும் சின்சினாட்டியின் வாசமும் கலந்த ஒன்று. மட்டக்களப்பு நாக்குக்கு அதுதான் ஒத்துப்போகிறது.

ஒருக்கா அளவெல்லாம் சொல்லுங்க அக்கா, எழுதி எடுக்க.

மாட்டிறைச்சி மின்ஸ் (அரைத்த இறைச்சி) 500 கிராம், பச்சைத் தண்ணீர் 600 மில்லிலீற்றர், பெரிய வெங்காயம் 1, உள்ளி 4 பல்லு, தக்காளி பேஸ்ட் 2 மேசைக்கரண்டி. தூள்களில் மிளகாய்த்தூள் 1 தேக்கரண்டி, வறுத்து இடித்த நற்சீரகம் 1 தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி, கறுவாத்தூள் கால் தேக்கரண்டி, கராம்பு 2 இடித்து. உப்பு முக்கால் தேக்கரண்டி, சீனி 1 தேக்கரண்டி, வினாகிரி 1 மேசைக்கரண்டி. பேஸ்ட் இல்லாவிட்டால் நன்றாகப் பழுத்த தக்காளிப்பழம் 3 எடுத்துத் தோல் நீக்கி அரைத்து ஊற்றுங்கள். கூடவே தண்ணீரில் 100 மில்லிலீற்றரைக் குறையுங்கள்.

அடுப்பை மூட்ட முன்னமே சட்டிக்குள் இறைச்சியைப் போட்டுத் தண்ணீரை ஊற்றிக் கையால் கரையுங்கள். பிறகு நடுத்தர நெருப்பில் கொதிக்க விட்டு, மேலே திரளும் நுரையை எடுத்துவிடுங்கள். வெங்காயத்தையும் உள்ளியையும் துருவிப் போட்டு, தூள்களும் பேஸ்டும் உப்பும் சேர்த்து, மூடாமல் மெல்லிய நெருப்பில் ஒரு மணித்தியாலம் விடுங்கள். அடியில் பிடிக்காமல் இடைக்கிடை கிளறுங்கள். வினாகிரியும் சீனியும் கடைசிப் பத்து நிமிடத்தில்தான். ஒரு ஹொட் டோக்குக்கு 3 மேசைக்கரண்டி வைத்தால் 12 முதல் 14 வரை காணும்.

உப்பு குறைவாகத் தோன்றும். கூட்டாதீர்கள், சொசேஜஸில் தாராளமாக இருக்கிறது.

பச்சை இறைச்சிய பச்சைத் தண்ணியில போடுறதா? எண்ணெயில வதக்கல்லாட்டி மணக்குமா?

எல்லாரும் தடங்கும் இடம் இதுதான். நம் கை பழகியது முதலில் எண்ணெய், வெங்காயம், கறிவேப்பிலை, பிறகு இறைச்சி. அப்படிச் செய்தால் சூடு பட்ட அந்தக் கணத்திலேயே இறைச்சியின் புரதம் இறுகி, இறைச்சித் துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிடும். பிறகு கரண்டியால் எவ்வளவு குத்தினாலும் உருண்டைகள் உடையாது. பணிஸைக் கடித்தால் அந்த உருண்டைகள்தான் பக்கத்தால் உருண்டு மடியில் விழும்.

குளிர்ந்த தண்ணீரில் விரலால் கரைக்கும்போது ஒவ்வொரு இறைச்சித் துகளும் தனித்தனியே பிரிகிறது. சூடு மெல்ல ஏறுவதால் பிரிந்த நிலையிலேயே வேகிறது. தண்ணீர் முதலில் இளஞ்சிவப்பாக இருக்கும். சூடு ஏற ஏறச் சாம்பல் நிறமாகி நுரை கட்டும். அந்த நேரம் பார்க்க அழகாக இராது. ‘பழுதாப் போச்சு’ என்று அடுப்பை அணைத்துவிட்டு எனக்கு அழைத்தவர்கள் உண்டு. பொறுமையாக நுரையை வழித்து விடுங்கள். அரை மணித்தியாலத்தில் நிறம் திரும்பும். முக்கால் மணித்தியாலத்தில் கறுவாவும் சீரகமும் வீடு முழுக்க மணக்கும்.

மின்ஸ் எப்பிடிக் கேட்டு வாங்குற?

முன்கால் அல்லது கழுத்துப் பகுதி கேளுங்கள். கொழுப்பு ஐந்தில் ஒரு பங்கு இருந்தால் நல்லது. முழுக்க வெறும் தசையாக இருந்தால் சோஸ் மணல் மாதிரி வரும். காத்தான்குடியிலோ ஏறாவூரிலோ இறைச்சிக் கடைக் காக்காமாரிடம் ‘ரெண்டு தரம் அரைச்சித் தாங்க’ என்று சொன்னால் மறுக்கமாட்டார்கள். காலையில் போங்கள், இயந்திரம் துப்புரவாக இருக்கும். பௌர்ணமிப் போயா நாளில் இறைச்சிக் கடை பூட்டு என்பதைக் கலண்டரில் பார்த்துக்கொண்டு ஓடர் எடுங்கள்.

அரைத்த இறைச்சியைக் கழுவாதீர்கள். சாறும் கொழுப்பும் தண்ணீரோடு போய்விடும். கழுவித்தான் பழக்கம் என்றால் இறைச்சியைத் துண்டாக வாங்கி, கழுவி, நீரை நன்றாக வடியவிட்டு வீட்டில் அரையுங்கள். இயந்திரம் இல்லாத வீட்டில், துண்டுகளைப் பிரீசரில் பாதி இறுகும் வரை வைத்துக் கூரான கத்தியால் கொத்தலாம். மிக்சியில் அடித்தால் விட்டுவிட்டு அடியுங்கள், இல்லாவிட்டால் பசையாகிவிடும்.

எங்கட ஊட்ட மாட்டிறைச்சி எடுக்கிறல்ல. கோழியில வருமா?

வரும். நெஞ்சுப் பகுதி வேண்டாம், தொடைப் பகுதி எடுங்கள். தண்ணீர் 400 மில்லிலீற்றர் போதும். அரை மணித்தியாலத்தில் வெந்துவிடும். கோழியின் சுவை மென்மையானது, ஆகவே கராம்பை ஒன்றாகக் குறைத்து மிளகைக் கொஞ்சம் கூட்டுங்கள். ஆட்டிறைச்சி என்றால் ஒன்றரை மணித்தியாலம் பிடிக்கும், சுவை மிகப் பிரமாதம்.

வெள்ளிக்கிழமைக்கும் விரத காலத்துக்கும் சோயாமீட் உண்டு. சுடுதண்ணீரில் ஊறவைத்து, இரண்டு மூன்று தரம் பிழிந்து, பொடியாகக் கொத்துங்கள். அது பச்சை இறைச்சிபோல் ஒட்டிக் கட்டியாகாது, கொழுப்பும் இல்லை; ஆகவே வதக்கக்கூடாது என்ற விதி இதற்குப் பொருந்தாது. 2 மேசைக்கரண்டி எண்ணெயில் வெங்காயத்தோடு வதக்கிவிட்டுத் தண்ணீர் சேருங்கள். உள்ளே வைக்க மரக்கறிச் சொசேஜஸ் கிடைக்காவிட்டால், நீட்டாக உருட்டிப் பொரித்த உருளைக்கிழங்கு கட்லட் நன்றாகப் பொருந்தும்.

சொசேஜஸ் பக்கெட்ல என்ன பாத்து வாங்குற? எங்கட கூட்டாளிமார் முஸ்லிம் ஆக்களும் வருவாங்க.

ஹலால் முத்திரை, காலாவதித் திகதி, உள்ளடக்கப் பொருட்கள் மூன்றையும் பாருங்கள். கோழிச் சொசேஜஸ் எல்லாருக்கும் பொது. பல மதத்தவர் வரும் வீட்டில் சோஸையும் ஹலால் கோழியில் ஒரே சட்டியில் செய்துவிடுவது என் வழக்கம். மாட்டிறைச்சியும் வேண்டுமென்றால் சட்டி, கரண்டி, பரிமாறும் தட்டு எல்லாம் வேறாக இருக்கட்டும், யாரும் கேட்க முன்னமே எது எதுவென்று சொல்லிவிடுங்கள். விருந்தாளி தயங்கித் தயங்கிக் கேட்கும் நிலை வரக்கூடாது.

யூடியூப்ல அமெரிக்காக்காரர் மிளகாய்த்தூள் 2 மேசைக்கரண்டி போடுறார். நானும் போட்டன், வாயில வெக்க ஏலல்ல.

அவர் போத்தலில் இருப்பது வெறும் மிளகாய் அல்ல. காரம் குறைந்த காய்ந்த மிளகாயோடு சீரகம், உள்ளித்தூள், ஒரிகானோ எல்லாம் கலந்த தூள் அது. நம் வீட்டில் இடிப்பது தனி மிளகாய், அதுவும் நல்ல உறைப்பானது. அந்த 2 மேசைக்கரண்டிக்குப் பதிலாக நம் தூள் 1 தேக்கரண்டி, நற்சீரகம் 1 தேக்கரண்டி போதும். நிறம் வேண்டுமென்றால் பப்ரிக்காவோ காஷ்மீரி மிளகாய்த்தூளோ சேருங்கள். ஏற்கெனவே போட்டுக் கெடுத்திருந்தால், உறைப்பே போடாமல் இன்னொரு பங்கு செய்து இரண்டையும் கலப்பதைத் தவிர வழியில்லை. சீனி போட்டுச் சரிக்கட்டப் பார்க்காதீர்கள்.

கறித்தூள், கறிவேப்பிலை, தேங்காய்ப்பால் சேத்தா இன்னும் நல்லா இருக்குமே?

நன்றாக இருக்கும், ஆனால் பாணோடு தின்னும் இறைச்சிக் கறியாக இருக்கும். நம் கறிகளை நான் குறைத்துச் சொல்லவில்லை. இரண்டும் வேறு வேறு சாப்பாடு. வறுத்த கறித்தூளில் உள்ள மல்லி வாசம் சொசேஜஸின் புகை வாசத்தை அமுக்கிவிடும். தேங்காய்ப்பால் சோஸைக் கனமாக்கிப் பணிஸை ஊறவைக்கும்; நம் வெக்கையில் சீக்கிரம் புளித்தும் போகும். மூன்றையும் விட்டுவிடுங்கள். நம் மண்ணின் வாசத்துக்குக் கறுவாவே போதும்.

சோஸ் தண்ணியா இருக்கு. கோதுமை மா கரைச்சி ஊத்தவா?

வேண்டாம், மாவின் பச்சை வாசம் நிற்கும். மூடியிருந்தால் மூடியை எடுத்துவிட்டு இன்னும் கொஞ்ச நேரம் அடுப்பில் விடுங்கள். சட்டியின் நடுவே கரண்டியால் ஒரு கோடு இழுத்தால், அந்தக் கோடு மூடுப்பட இரண்டு மூன்று செக்கன் எடுக்க வேண்டும். உடனே மூடினால் பதம் வரவில்லை. மூடவே இல்லையென்றால் வற்றிவிட்டது, கால் கோப்பை சுடுதண்ணீர் விடுங்கள்.

மேல எண்ணெய் மிதக்குது, அது பிழையா?

பிழை இல்லை, இறைச்சியின் கொழுப்புத்தான். அன்றே பரிமாறுவதென்றால் கரண்டியால் பாதியை எடுத்துவிடுங்கள். இரவு பிரிட்ஜில் வைத்தால் கொழுப்பு மேலே உறைந்து நிற்கும், அப்படியே பெயர்த்து எடுக்கலாம். முழுவதையும் எடுக்காதீர்கள், கொஞ்சம் இருந்தால்தான் மினுக்கமும் சுவையும் இருக்கும்.

பணிஸ் எங்க வாங்குற? காஞ்ச மாதிரி இருக்கே.

பேக்கரியில் நீட்டுப் பணிஸ் என்று முதல் நாளே சொல்லிவைத்தால் சுட்டுத் தருவார்கள். சீனி தூவியதும் மேலே பளபளவென்று முட்டை பூசி இனிப்பாக இருப்பதும் வேண்டாம். பாண் முச்சக்கர வண்டியில் வருவதை நம்பி ஓடர் எடுக்காதீர்கள், அளவு ஒரு நாளைப்போல் ஒரு நாள் இராது.

காய்ந்திருந்தால் இடியப்பம் அவிக்கும் தட்டில் அடுக்கி ஒரு நிமிடம் ஆவி காட்டுங்கள். பஞ்சு போல வரும். டெட்ராய்ட் கடைகளிலும் பணிஸை ஆவியில்தான் இளக்குகிறார்கள். ஒரு நிமிடத்துக்கு மேல் போனால் ஊறிப் பிய்ந்துவிடும். மூடியின் உள்பக்கம் ஒரு துணியைக் கட்டிவிட்டால் ஆவித்துளி பணிஸில் சொட்டாது. வெட்டும்போது முழுக்கப் பிளக்காமல், அடியில் ஒரு விரலளவு ஒட்டியிருக்க விடுங்கள்.

சொசேஜஸ் அவிக்கக்குள்ள வெடிச்சிப் போகுது.

தளதளவென்று கொதிக்கிற தண்ணீரில் போடுவதால் உள்ளே ஆவி கட்டித் தோல் கிழிகிறது. தண்ணீர் கொதித்ததும் அடுப்பைக் குறைத்து, குமிழி அடங்கிய பிறகு போட்டு 6, 7 நிமிடம் விடுங்கள். பிரீசரில் இருந்தது என்றால் முதல் நாள் இரவே கீழ்த்தட்டுக்கு இறக்கிவையுங்கள். பிறகு தோசைக்கல்லில் துளி எண்ணெய் பூசி உருட்டி எடுத்தால் நிறமும் வரும், சுவையும் கூடும்.

கடுகுச் சோஸ் கிடைக்கல்ல, வீட்ட செய்ய ஏலுமா?

ஏலும். அச்சாறுக்கு அரைக்கும் கடுகுதான். 3 மேசைக்கரண்டி கடுகைப் பொடித்து, பச்சைத் தண்ணீர் விட்டுக் குழைத்துப் பத்து நிமிடம் சும்மா வையுங்கள். கடுகின் காரம் தண்ணீர் பட்ட பிறகுதான் உண்டாகிறது. வினாகிரியை முதலே ஊற்றினால் அந்தக் காரம் முழுதாக வராது. பத்து நிமிடம் கழித்து வினாகிரி, உப்பு, சீனி, நிறத்துக்கு மஞ்சள் சேருங்கள். அரைத்த அன்று கசக்கும். அடுத்த நாள் கசப்பு இறங்கிவிடும், ஆகவே ஒரு நாள் முந்திச் செய்யுங்கள். நம் கறுப்புக் கடுகு காரம் கூடியது, மெல்லிய கோடாக இட்டால் போதும்.

எது முதல், எது பிறகு?

பணிஸ், சொசேஜஸ், சோஸ், கடுகு, கடைசியில் பொடியாக வெட்டிய வெங்காயம். வெங்காயத்தை வெட்டி ஐந்து நிமிடம் குளிர்ந்த தண்ணீரில் போட்டு வடித்தால் நெடி குறையும்.

முந்தின நாளே செய்து வெச்சா கரண்ட் போயிட்டா என்ன செய்யிற?

முதல் நாள் செய்வதே மேல், சுவை ஊறும். ஆனால் சட்டியோடு ஆறவிடாதீர்கள், நடுப்பகுதி மணித்தியாலக் கணக்காகச் சூடாகவே இருக்கும். 5 முதல் 60 பாகை செல்சியஸ் வரை கிருமி வேகமாகப் பெருகும். அகலத் தட்டில் மெல்லியதாகப் பரப்பி ஆறவைத்து, இரண்டு மணித்தியாலத்துக்குள் பிரிட்ஜுக்குள் வையுங்கள். வெயில் 32 பாகையைத் தாண்டும் நாட்களில் ஒரு மணித்தியாலத்துக்குள். மூன்று நாள் வரை இருக்கும். பிரீசரில் இரண்டு மாதம்.

மின்சாரம் போனால் பிரிட்ஜைத் திறக்காதீர்கள். திறக்காத பிரிட்ஜ் சுமார் 4 மணித்தியாலம் குளிரைப் பிடிக்கும். நிறைந்த பிரீசர் 48, பாதி நிறைந்தது 24 மணித்தியாலம். அதற்கு மேல் போய்ச் சோஸ் சூடேறியிருந்தால் மணந்து பார்த்துத் தீர்மானிக்க வேண்டாம், கொட்டிவிடுங்கள். கெடுதல் செய்யும் கிருமி எல்லாம் மணத்தில் தெரியாது. திரும்பச் சூடாக்கும்போது வெதுவெதுப்பு போதாது, முழுக்கக் கொதிக்க வேண்டும்.

50 பிள்ளைகளுக்கு எல்லாத்தையும் நாலால பெருக்கினா சரிதானே?

இறைச்சியும் தூள்களும் சரி, 2 கிலோ இறைச்சி காணும். தண்ணீரை அப்படிப் பெருக்காதீர்கள். பெரிய சட்டியில் அளவுக்கு ஏற்ற வேகத்தில் நீர் ஆவியாகாது. 2400 மில்லிலீற்றருக்குப் பதில் 1800 போதும். நேரம் அரை மணித்தியாலம் கூடும். உப்பை முக்கால் பங்கு போட்டுக் கடைசியில் பாருங்கள். பரிமாறும் இடத்தில் ரைஸ் குக்கரின் சூடுபிடிக்கும் நிலையில் வையுங்கள். மூடியைத் திறக்கும்போது ஆவி எழுந்தால்தான் போதிய சூடு.

மூணு வயசுப் பிள்ளைக்குக் குடுக்கலாமா? புள்ளத்தாச்சிமார் சாப்பிடலாமா?

சொசேஜஸை வட்டமாக வெட்டிச் சின்னப் பிள்ளைகளுக்குக் கொடுக்கவே கூடாது. அந்த வட்டம் அவர்களின் மூச்சுக்குழாயை அப்படியே அடைக்கும் அளவு. நான்கு வயதுக்குக் கீழ் என்றால் நீளவாக்கில் நான்காகப் பிளந்து, பிறகு பொடியாக வெட்டுங்கள். பக்கத்தில் இருந்து இருத்திவைத்துத் தீத்துங்கள். சோஸும் பணிஸும் மட்டும் கொடுத்தாலும் பிள்ளைக்குக் குறையில்லை.

கர்ப்பிணிகள் சொசேஜஸைப் பக்கெட்டில் இருந்து அப்படியே சாப்பிடக்கூடாது. லிஸ்டீரியா என்ற கிருமி குளிரிலும் வளரும், குழந்தையைப் பாதிக்கும். 74 பாகை வரை, ஆவி பறக்கச் சூடாக்கி உடனே சாப்பிட்டால் அந்தப் பயம் இல்லை.

சொசேஜஸ் புற்றுநோய் எண்டு சொல்றாங்களே அக்கா, நீங்க விக்கிறீங்க?

இந்தக் கேள்விக்கு நான் மழுப்புவதில்லை. 2015இல் உலக சுகாதார அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகவரகம் பதப்படுத்திய இறைச்சியை மனிதரில் புற்றுநோய் உண்டாக்கும் பொருட்களின் முதலாம் வகுப்பில் சேர்த்தது. நாளாந்தம் 50 கிராம் சாப்பிட்டால் பெருங்குடல் புற்றுநோய் ஆபத்து சுமார் 18 வீதம் கூடும் என்பது அவர்கள் கணிப்பு. ஒரு சொசேஜஸ் கிட்டத்தட்ட அந்த நிறைதான். புகையிலையும் அதே வகுப்பில் இருப்பதால் இரண்டும் ஒரே அளவு ஆபத்து என்று ஆகாது. ஆதாரம் எவ்வளவு உறுதி என்பதைத்தான் வகுப்பு காட்டுகிறது.

அதனால் ஒவ்வொரு கிழமையும் ஓடர் தரும் வீடுகளிடம் நானே சொல்கிறேன்: இது விசேஷத்துக்கு. பிள்ளைகளின் தினசரிப் பாடசாலைச் சாப்பாட்டுப் பெட்டிக்கு அல்ல. அடிக்கடி கேட்கும் பிள்ளைக்குச் சொசேஜஸை விட்டுவிட்டு, பணிஸுக்குள் சோஸையும் அவித்த முட்டையையும் வைத்துக் கொடுங்கள்.

நல்லா வருது எண்டு எல்லாரும் சொல்றாங்க. பின்னேரத்தில கல்லடிக் கடக்கரையில வெச்சி விக்கலாமா?

விற்கலாம், ஆனால் முதலில் உங்கள் பகுதியின் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் போய், என்ன அனுமதி வேண்டும் என்று கேளுங்கள். மாநகர சபையிலும் இடம் பற்றிக் கேட்க வேண்டும். விலை போடும்போது கேஸ், கடதாசி, போய்வரும் செலவு, உங்கள் உழைப்பு எல்லாவற்றையும் எழுதிக் கூட்டுங்கள். இறைச்சிக் காசை மட்டும் பார்த்து விலை வைத்துக் களைத்துப்போன பெண்கள் நிறையப் பேர்.

கடற்கரையில் காற்றோடு மணல் வரும். நிரப்பி அடுக்கி வைக்காமல், கேட்கக் கேட்க நிரப்பிக் கொடுங்கள். காசு வாங்கும் கை வேறு, பணிஸ் தொடும் கை வேறு. துணைக்கு ஒருவர் இல்லாமல் தொடங்க வேண்டாம். மிஞ்சிய சோஸை அடுத்த நாள் சோஸோடு கலக்கவும் வேண்டாம்.